ஃபில்டர்: சல்லடையா, நெய்யரியா?

போன நவம்பரில் ஒரு காலை. குளியலறையில் வெகுநேரமாகத் தண்ணீர் ஓடுகிறதே என்று எட்டிப் பார்த்தேன். தீபாவளிக்காக மன்னார்குடியிலிருந்து வந்திருந்த அம்மா, ஏர் ப்யூரிஃபையரைத் திறந்து நுண்தூசி பிடிக்கும் அதன் ஹெப்பா ஃபில்டரைக் கழற்றி, சோப்புப் பொடி கரைத்த வாளியில் முக்கி வைத்திருந்தார். வாங்கும்போது விசிறி மடிப்பாக, வெள்ளைவெளேர் என்று இருந்த பொருள். டெல்லிக் காற்று அதை அடுப்படிச் சுவர் நிறத்துக்குக் கொண்டுவந்திருந்தது. வாளித் தண்ணீர் மை மாதிரி இருந்தது.

"ஏம்ப்பா முழிக்கிற? காபி ஃபில்டரத் தினம் கழுவுறேன். ஏசி ஃபில்டர, சீசன் முடிஞ்சிடுச்சுன்னு போன வாரம் நீயே கழுவுன. இதுவும் ஃபில்டர்தானே?"

2,000 ரூபாய்க்கு மேல் கொடுத்து வாங்கியது. ஆனாலும் கோபப்பட முடியவில்லை, கேள்வியில் தப்பே இல்லை. மூன்று வெவ்வேறு பொருளுக்கு ஒரே பெயரை வைத்துவிட்டு, ஒன்றைக் கழுவு, இன்னொன்றைக் கழுவாதே என்றால் யாருக்குத்தான் புரியும்? அன்றைக்குத்தான் இந்தச் சொல்லைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்கலாம் என்று உட்கார்ந்தேன்.

முதலில் எழுத்து. ஆய்த எழுத்தைச் சேர்த்து 'ஃபில்டர்' என்று எழுதினால்தான் காரியம் நடக்கும். 'பில்டர்' என்று எழுதினால் இந்தப் பக்கத்து ஆட்களுக்கு வேறு நினைப்பு வந்துவிடும். நொய்டாவில் ஃப்ளாட்டுக்குப் பணம் கட்டிவிட்டுச் சாவிக்குக் காத்திருப்பவரிடம் 'பில்டர் மாற்ற வேண்டும்' என்று சொல்லிப் பாருங்கள்.

ஆங்கிலச் சொல்லின் பிறப்பு சுவையானது. இடைக்கால லத்தீனில் 'ஃபில்ட்ரம்' என்றால் கம்பளி மயிரை நனைத்து, அமுக்கி, நெய்யாமலே ஆக்கிய கனத்த துணி. ஆங்கிலத்தில் அதைத்தான் 'ஃபெல்ட்' என்கிறார்கள். இரண்டு சொல்லுக்கும் வேர் ஒன்றுதான், பழைய ஜெர்மானிய மொழிகளிலிருந்து வந்தது. அந்தக் காலத்தில் திரவங்களை இந்தக் கம்பளித் துண்டில் ஊற்றித்தான் தெளியவைத்தார்கள். பொருளின் பெயரே அது செய்த வேலைக்கும் பெயராகிவிட்டது. ஃபெல்ட் எப்படியிருக்கும் என்று தெரியாதவர்கள் டெல்லியில் குளிர்காலம் வரைக்கும் பொறுத்தால் போதும். காஷ்மீரிலிருந்து வருகிறவர்கள் விற்கும் 'நம்தா' விரிப்பு அதேதான். கையில் எடுத்துப் பாருங்கள். ஊடு, பாவு என்று எதுவும் கிடையாது, இழைகள் கன்னாபின்னாவென்று பின்னிக்கிடக்கும். இந்தக் 'கன்னாபின்னா'வை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

நம் வீடுகளில் பெரும்பாலானவற்றுக்குள் ஃபில்டர் என்ற சொல் காபியோடுதான் நுழைந்திருக்கும். பித்தளையில் இரண்டு அடுக்கு, மேலடுக்கின் அடியில் ஊசித்துளைகள். கம்பளியும் இல்லை, இழையும் இல்லை. ஆக, ஃபெல்ட் என்ற பொருள் தமிழ்நாட்டுக்கு வந்து சேர்வதற்குள் முழுக்க உதிர்ந்துபோய், 'ஓட்டை வழியாக வடிவது' என்பது மட்டும் மிஞ்சியிருந்தது.

அதனால்தான் 'வடிகட்டி' சட்டென்று ஒட்டிக்கொண்டது. வடிதல் என்றால் நீர் கீழே இறங்குவது. சோறு வடிக்கிறோம், கண்ணீர் வடிக்கிறோம். பானை வாயில் துணியைக் கட்டி வடிப்பது வடிகட்டுவது. 'வடிகட்டின பொய்', 'வடிகட்டின கஞ்சன்' என்று திட்டுவதற்கும் அது பயன்படுகிறது. கணினித் தமிழில் இதையே 'வடிப்பான்' ஆக்கியிருக்கிறார்கள். மின்னஞ்சலுக்குச் சரி. காற்றுக்கு? காற்று எங்கே வடிகிறது? 'காற்று வடிகட்டி' என்று படிக்கும்போதெல்லாம் துணியின் அடியில் காற்று சொட்டுச் சொட்டாக விழுவது போல எனக்கு ஒரு தோற்றம். வழக்கில் வந்துவிட்ட சொல்தான், செய்தித்தாளில் எழுதினால் எல்லாருக்கும் புரியும், அதைத் தள்ளச் சொல்லவில்லை. ஆனால் அம்மாவின் கேள்விக்கு அது பதில் சொல்லாது. காபி ஃபில்டரும் வடிகட்டி, ஹெப்பாவும் வடிகட்டி என்றால் இரண்டையும் கழுவத்தான் தோன்றும்.

நம் அடுப்படியிலேயே இதற்குச் சொற்கள் கொட்டிக்கிடக்கின்றன. முறத்தில் புடைக்கிறோம், சல்லடையில் சலிக்கிறோம், அரிசியிலிருந்து கல்லை அரிக்கிறோம். களத்தில் நெல்லைத் தூற்றுகிறோம். (தூற்றும்போது காற்று தானியத்தைச் சுத்தம் செய்தது. இப்போது காற்றைச் சுத்தம் செய்ய நாம் அலைகிறோம்.) ஒவ்வொன்றும் வேறு வேலை, வேறு சொல். ஃபில்டர் என்று ஒரே டப்பாவில் போட்டதை நாம் தனித்தனியாக வைத்திருக்கிறோம்.

இதில் ஏசிக்குப் பொருந்துவது சல்லடை. ஸ்ப்ளிட் ஏசியின் முகப்பைத் தூக்கினால் நைலான் வலை ஒன்று இருக்கும். டெல்லி மெக்கானிக்குகள் அதை 'ஜாலி' என்பார்கள். இந்தியில் வலை, வலைப்பின்னல் என்று பொருள். 'ஜாலி சாஃப் கரோ' (வலையைச் சுத்தம் செய்) என்று ஒரு மெக்கானிக் சொன்னதை, ஊருக்குப் புதிதாக வந்த என் நண்பன் ஜாலியாக இருக்கச் சொல்கிறார் என்று நினைத்துச் சிரித்துவைத்தது தனிக்கதை. இந்த வலை பிடிப்பது முடி, பஞ்சு, கண்ணுக்குத் தெரிகிற தூசி, அவ்வளவுதான். பிஎம் 2.5 என்ற நுண்துகளின் விட்டம் அதிகபட்சம் 2.5 மைக்ரான், தலைமுடியின் தடிமனில் ஏறக்குறைய முப்பதில் ஒரு பங்கு. அது இந்த வலை வழியாகத் தெருவில் நடப்பது போல நடந்துபோகும். வலையின் வேலை ஏசியைக் காப்பது, நம் நுரையீரலைக் காப்பது அல்ல. அது அடைத்துக்கொண்டால் காற்றோட்டம் குறையும், குளிர்ச்சி குறையும், கரண்ட் பில் ஏறும். கோடையில் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை குழாயடியில் காட்டி, நிழலில் உலர்த்தி மாட்டினால் வருடக்கணக்கில் உழைக்கும். காசும் இல்லை, குப்பையும் இல்லை. குளிருக்கு 'ஹாட் அண்ட் கோல்டு' ஏசியைப் போடுகிறவர்களுக்கும் அதே வலைதான், அதே கழுவல்தான்.

ஹெப்பாவின் கதை வேறு. 1940களில் அமெரிக்காவின் அணுகுண்டுத் திட்டத்தில், கதிரியக்கத் துகள்களைத் தடுக்கப் பிறந்த தொழில்நுட்பம் அது. 0.3 மைக்ரான் துகள்களில் 99.97 விழுக்காட்டைப் பிடித்தால்தான் அந்தப் பெயர் வைக்கலாம் என்பது அமெரிக்கக் கணக்கு. கடையில் 'ஹெப்பா டைப்', 'ஹெப்பா மாதிரி' என்று போட்டிருந்தால் அது ஹெப்பா அல்ல என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

சல்லடையில் ஓட்டையைவிடப் பெரியது நின்றுவிடும், சிறியது போய்விடும். ஹெப்பாவில் இழைகளுக்கு நடுவே இருக்கும் இடைவெளி, அது பிடிக்கும் துகளைவிடப் பெரியது! அப்படியும் பிடிக்கிறது. காற்று இழையைச் சுற்றி வளைந்து போகும்போது, கனமான துகளால் அதே வேகத்தில் வளைய முடியாமல் நேரே போய் இழையில் மோதுகிறது. நடுத்தரமானது உரசிக்கொண்டு போகும்போது ஒட்டிக்கொள்கிறது. மிகச் சிறியதைக் காற்றின் மூலக்கூறுகள் பந்தாடுவதால், அது தள்ளாடித் தள்ளாடி எங்காவது ஓர் இழையில் முட்டுகிறது. தொட்டால் ஒட்டிவிடும், பிறகு விடுதலை இல்லை. இந்த மூன்று வலையிலும் நன்றாகச் சிக்காமல் நழுவப் பார்க்கும் அளவுதான் 0.3 மைக்ரான் பக்கம். அதனால்தான் சோதனையை அங்கே வைத்திருக்கிறார்கள். அதைவிடச் சிறியது இன்னும் நன்றாகவே மாட்டும்.

ஆக, பழைய நம்தாதான். இழைகளின் கன்னாபின்னா. வெறும் பெயராக மிஞ்சியிருந்த ஃபெல்ட், காற்று விஷயத்தில் உண்மையாகவே திரும்பி வந்துவிட்டது.

கழுவினால் ஏன் கெடுகிறது என்பதும் இங்கேதான் இருக்கிறது. பல ஃபில்டர்களில் பாலிப்ரொப்பிலீன் என்ற பிளாஸ்டிக் இழைகளுக்கு மின்னேற்றம் கொடுத்திருப்பார்கள், துகளை இழுத்துக்கொள்வதற்காக. சோப்புத் தண்ணீர் பட்டால் அந்த மின்னேற்றம் போய்விடும், இழைகள் ஒன்றோடொன்று படிந்துவிடும். வெயிலில் காயவைத்து மாட்டினால் பார்க்கப் புதிதாக இருக்கும், வேலை பாதிகூட நடக்காது. எங்கள் வீட்டில் அப்படித்தான் ஆயிற்று. மாட்டிய பிறகு அறையில் இருந்த தூசிமானியின் எண் இறங்கவே மறுத்தது.

இந்தப் பொருளுக்கு எந்தத் தமிழ்ச் சொல்? இலக்கணப் புத்தகத்திலேயே இருக்கிறது. மாணவர்களைத் தரம் பிரிக்கும் இடத்தில் நன்னூல் ஒரு வரிசை சொல்கிறது: அன்னமும் பசுவும் போன்றவர் தலைமாணாக்கர், மண்ணும் கிளியும் போன்றவர் இடை. ஓட்டைக்குடம், ஆடு, எருமை, 'நெய்யரி' போன்றவர் கடை. நெய்யரி என்பது நெய்யை அரிக்கும் பன்னாடை, தென்னை மட்டையின் அடியில் இருக்கும் அந்த நார்ப்பின்னல். நல்ல நெய்யைக் கீழே விட்டுவிட்டுக் கசடைத் தன்னிடம் நிறுத்திக்கொள்ளுமே, அதுபோல நல்லதை விட்டு அல்லதைப் பிடித்துக்கொள்ளும் மாணவன் என்று பவணந்தி முனிவர் வைகிறார்.

மாணவனுக்கு வசவு, காற்றுக்கு இதைவிடப் பாராட்டு உண்டா? கசடைத் தன்னிடம் வைத்துக்கொண்டு நல்லதை வெளியே விடுவது, அதுவும் நார்ப்பின்னலால். ஹெப்பாவுக்கு இதைவிடத் துல்லியமான விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை. நெய்யரி போல 'காற்றரி' என்று சொல்லிப் பார்க்கிறேன், வாயில் உட்காருகிறது. ஒரே ஓர் எச்சரிக்கை: ஆசையில் 'காற்றரிப்பு' என்று நீட்டிவிடாதீர்கள். அது புவியியல் புத்தகத்தில் பாலைவனத்து மண்ணைக் காற்று அடித்துக்கொண்டு போவது. பன்னாடை என்றே சொல்லலாமே என்றால், அந்தச் சொல்லைத் தெருவில் எதற்குப் பயன்படுத்துகிறோம் என்பது உங்களுக்கே தெரியும்.

ப்யூரிஃபையர் முழுவதற்கும் 'காற்றுச் சுத்திகரிப்பான்' என்கிறார்கள். நீளம், ஆனாலும் நிற்கும். கலங்கிய நீரைத் தேற்றாங்கொட்டை தெளியவைப்பதைத் 'தேற்றுதல்' என்பார்கள். 'காற்றுத்தேற்றி' என்று வைக்க எனக்கு ஆசை. டெல்லி ஆர்.கே.புரம் காற்றுத்தர நிலையத்தின் பிஎம் 2.5 எண்ணைக் காலையில் பார்த்துவிட்டு, நம்மைத் தேற்றுவதற்கும் அது உதவட்டும். 24 மணிநேரச் சராசரி கனமீட்டருக்கு 60 மைக்ரோகிராமைத் தாண்டக் கூடாது என்பது இந்திய வரையறை, 15 என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் 2021ஆம் ஆண்டுப் பரிந்துரை. நவம்பரில் இரண்டுமே நமக்குக் கனவு.

சரி, சொல் பிரிந்ததும் செலவும் பிரிந்துவிட்டது. சல்லடையைக் கழுவு, காற்றரியை மாற்று. மாற்றுவதைத் தள்ளிப்போட வழி, காற்றரிக்கு முன்னால் இருக்கும் முன்சல்லடையை வாரத்துக்கொரு முறை வாக்குவம் பிடிப்பது. பெரிய தூசியை அது வாங்கிக்கொண்டால் உள்ளே இருப்பது நாள்படும். காற்றரி கடைசியில் பிளாஸ்டிக் குப்பைதான், குறைவாக மாற்றினால் குறைவான குப்பை. அறைக்குள் உலர்ந்த துடைப்பம் போடாமல் ஈரத்துணியால் துடைப்பதும், பில்டர் விட்டுச்சென்ற ஜன்னல் இடுக்குகளை அடைப்பதும் இன்னும் மலிவு. கருவி வாங்குகிறவர்கள் பெட்டியில் சிஏடிஆர் எண்ணைப் பார்க்க வேண்டும், ஒரு மணிநேரத்தில் எவ்வளவு சுத்தக் காற்று தரும் என்பது அது. 150 சதுர அடி அறைக்குக் குறைந்தது 170 கனமீட்டர் என்பது அமெரிக்கத் தயாரிப்பாளர் சங்கத்தின் கைக்கணக்கு. டெல்லிக்குக் கூடுதலாகவே இருக்கட்டும்.

நியூஜெர்சியில் இருக்கும் மச்சான் போனில், "மெர்வ் 13 வாங்கிப் போடுங்க அத்தான்" என்றான். அது அவன் வீட்டுக்கு. அங்கே சூட்டுக்கும் குளிருக்கும் சேர்த்து ஒரே பெரிய விசிறி, வீடு முழுக்கக் குழாய், காற்று திரும்பி வரும் வழியில் ஒரு ஃபில்டர். அதற்குத்தான் மெர்வ் எண், 1 முதல் 16 வரை. எட்டு என்றால் 3 முதல் 10 மைக்ரான் தூசியில் 70 விழுக்காடாவது நிற்கும். பதின்மூன்று என்றால் 0.3 முதல் 1 மைக்ரான் வரையுள்ள நுண்துகளிலும் பாதியாவது நிற்கும். எண் ஏறினால் காற்று நுழையக் கஷ்டப்படும், அதைத் தள்ளும் வலு விசிறிக்கு இருக்க வேண்டும். நம் ஸ்ப்ளிட் ஏசி விசிறிக்கு அது கிடையாது. வலைமேல் ஒட்டும் தடித்த ஃபில்டர் தாள்களை வாங்கி ஒட்டினால், காற்று குறைந்து உள்ளே இருக்கும் குளிர்க்குழாய்ச் சுருளில் பனி கட்டும்.

இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். காற்றரி பிடிப்பது துகளை மட்டும், வாயுவை அல்ல. நாற்றத்துக்கும் சில வாயுக்களுக்கும் அவற்றை உறிஞ்சும் கரித்தட்டு வேண்டும். மூடிய அறைக்குள் அங்கீட்டியில், அதாவது கரியடுப்பில், கரி மூட்டினால் வரும் கார்பன் மோனாக்சைடை ஹெப்பாவும் பிடிக்காது, கரித்தட்டும் பிடிக்காது. அதற்கு மூட்டாமல் இருப்பதுதான் வழி, மூட்டிவிட்டால் ஜன்னலைத் திறந்தே ஆக வேண்டும், வெளியே எண் எவ்வளவு இருந்தாலும்.

புதுக் காற்றரி மாட்ட மெக்கானிக் பையன் வந்தான். நான் ஆசையாகச் சூட்டிய பெயரை அம்மா சீந்தவே இல்லை. நெய்யரிக் கதையைக் கேட்டதிலிருந்து அவருக்கு அது பன்னாடைதான். "இந்தப் பன்னாடைய எப்ப மாத்தணும்னு கேளுப்பா" என்றார், பையனைக் கைகாட்டி. அவன் என்னைப் பார்த்தான். "க்யா போல் ரஹீ ஹைன் மாதாஜி? பன்னாடை மத்லப்?" அம்மா என்ன சொல்கிறார், பன்னாடை என்றால் என்ன என்று கேட்டான்.

"ஃபில்டர்" என்றேன்.