எடிற்றர் – படத்தொகுப்பாளர்: சொல் விளக்கம்

கிளிநொச்சியிலோ புதுக்குடியிருப்பிலோ கல்யாணவீட்டு வீடியோ செய்கிற இடத்துக்குப் போனால், கணினிக்கு முன்னால் இருப்பவரை ‘எடிற்றர்’ என்பார்கள். விவரணப்படம் செய்கிறவர்களிடமும் அதே சொல்தான். தமிழில் படத்தொகுப்பாளர்: எடுத்து வந்த காட்சிகளைப் பார்த்து, குரல்களைக் கேட்டு, வேண்டியதைத் தெரிந்து, ஒழுங்குபடுத்திப் படமாக்குகிறவர்.

மூலம் இலத்தீன். ‘எடெரே’ என்றால் வெளியே தருதல், வெளியிடுதல். பழைய ரோமில் மக்களுக்காக வாள்வீரர் போட்டிகளை நடத்திக் கொடுத்தவருக்கும் ‘எடிட்டர்’ என்றுதான் பெயர். ஆங்கிலத்தில் அது நூல் பதிப்பித்தவருக்கும் பத்திரிகை ஆசிரியருக்கும் ஆகி, அப்புறம் சினிமாவுக்கு வந்தது. படச்சுருளைக் கத்தரித்து ஒட்டிய காலத்தில் ‘கட்டர்’ என்றும் சொன்னார்கள்.

தமிழில் நூலுக்குப் பதிப்பாசிரியர், பத்திரிகைக்கு ஆசிரியர், படத்துக்குப் படத்தொகுப்பாளர். வெறுமனே ‘தொகுப்பாளர்’ என்றால் தொலைக்காட்சியில் நிகழ்ச்சி நடத்துகிறவர் என்று ஆகிவிடும்.

‘தொகு’ பழைய வேர். ஐங்குறுநூற்றைத் தொகுத்தவர் புலத்துறை முற்றிய கூடலூர் கிழார். தொகுப்பித்தவர் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை. வேலை செய்தவரையும் செய்வித்தவரையும் அன்றே பிரித்துச் சொல்லியிருக்கிறார்கள்.

எனக்கு இன்னும் பிடித்தது இலக்கணத்தில் வரும் பொருள். வன்னியில் நாளாந்தம் புழங்கும் ‘குளக்கட்டு’ என்ற சொல்லைப் பாருங்கள். குளத்தினது கட்டு. அதிலுள்ள ‘அது’ என்ற வேற்றுமை உருபு மறைந்து, ‘தொக்கு’ நிற்கிறது. அதனால்தான் அது வேற்றுமைத்தொகை. உருபு காதில் விழாது, அதன் பொருள் மட்டும் வேலை செய்யும். ஆக, தொகுத்தல் என்பதற்குள் சேர்ப்பதும் இருக்கிறது, மறைப்பதும் இருக்கிறது. திரையில் முகம் காட்டாத ஒருவரின் தொழிலுக்கு இதைவிடப் பொருத்தமான வேர் கிடைக்காது.

விவரணப்படத்தில் இந்தப் பொறுப்பு மிகக் கனமானது. கதைப்படத்துக்குத் திரைக்கதை முன்னமே இருக்கும். இங்கே பெரும்பாலும் தொகுப்பு மேசையில்தான் கதை அமைகிறது. கிளிநொச்சி கந்தசுவாமி கோயிலடியில் 2017 பெப்ரவரி 20 இல் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகள் போராட்டத்தைத் தொடங்கினார்கள். அப்படியொரு போராட்டக் கொட்டிலில் ஒரு தாய் மணிக்கணக்காகப் பேசினாலும் படத்தில் சில நிமிடங்கள்தான் வரும். மகனின் பெயரைச் சொல்லிவிட்டு அவர் பேசாமல் இருக்கிற இடத்தை வெட்டினால் படம் விறுவிறுவென்று ஓடும், ஆனால் அவர் சொன்னதில் பாதி போய்விடும். வேறு வேறு இடத்தில் சொன்ன இரண்டு வரிகளை ஒட்டி, அவர் சொல்லாத ஒன்றைச் சொல்லவைப்பதும் கணினியில் ஒரு நொடி வேலை. அதைச் செய்யாமல் விடுகிறவர்தான் நல்ல படத்தொகுப்பாளர்.

எழுதும்போது ஒரு கவனம்: ‘பட தொகுப்பு’ அல்ல, ‘படத்தொகுப்பு’. ஒற்று விடாமல், ஒரே சொல்லாக. வன்னியில் படம் செய்கிற பிள்ளைகள் முடிவில் பெயர்கள் போடும்போது ‘எடிட்டிங்’ என்பதற்குப் பதில் இதையே போடலாம்.