எல்லாவற்றுக்கும் ஒரே விதி: 266 கேள்விகளும் ஓர் ஈரப்பலாக்காயும்

இப்படி ஒரு விதி இருப்பதாக வைத்துக்கொள்வோம்: இருக்கும் எந்தப் பொருளுக்கும் ஓர் இடம் உண்டு, ஒரே ஓர் இடம்தான் உண்டு. ஓரிட விதி என்று பெயர் சூட்டலாம். புறக்கோட்டையில் விற்கும் பிளாஸ்டிக் வாளி, காலிமுகத்திடலில் ஏறும் பட்டம், பேரை வாவியில் மீன் தேடும் கூழைக்கடா, நேற்றுப் பெய்த மழை, உங்கள் தலைவலி, எல்லாமே இதற்குள் அடங்கும். ஆம், இல்லை என்று பதில் சொல்லக்கூடிய கேள்விகளை வரிசையாகக் கேட்டுக்கொண்டு போனால் ஒவ்வொன்றும் தன் பெட்டியில் போய் விழவேண்டும்.

விதி கற்பனை என்றாலும் அதன் கணக்கு மலைக்க வைப்பதில்லை. ஒரு கேள்வி கேட்டால் உலகம் இரண்டாகப் பிரியும், இரண்டு கேட்டால் நான்காகும். 20 கேள்விகளில் பெட்டிகள் பத்து இலட்சத்தைத் தாண்டிவிடும். நம் கண்ணுக்கும் கருவிக்கும் எட்டிய பிரபஞ்சத்தில் உள்ள அணுக்கள் ஏறத்தாழ 1க்குப் பின்னால் 80 பூச்சியங்கள் என்பது விஞ்ஞானிகளின் மதிப்பீடு. அவை ஒவ்வொன்றுக்கும் தனிப் பெட்டி கொடுக்க எத்தனை கேள்விகள் வேண்டும்? வெறும் 266. ஒரு பயிற்சிக் கொப்பியில் எழுதி முடித்துவிடலாம்.

அப்படியானால் எந்த 266 கேள்விகள்? விதி இடறி விழுவது இங்கேதான்.

மூன்று பொருள்களை எடுத்துக்கொள்வோம்: ஈரப்பலாக்காய், பலாக்காய், ஓட்டோ. முதல் இரண்டும் ஓரினம் என்று சின்னப் பிள்ளையும் சொல்லும். சரி, இந்த மூன்றையும் வைத்து எத்தனை கூட்டங்கள் அமைக்கலாம் என்று எண்ணிப் பாருங்கள். தனித்தனியாக மூன்று, இரண்டிரண்டாக மூன்று, மூன்றும் சேர்ந்து ஒன்று, ஒன்றுமே இல்லாத வெறுங்கூட்டம் ஒன்று. மொத்தம் எட்டு. ஈரப்பலாக்காயும் பலாக்காயும் சேர்ந்து வரும் கூட்டங்கள் இரண்டு. ஈரப்பலாக்காயும் ஓட்டோவும் சேர்ந்து வருபவை? அதுவும் இரண்டுதான்! எல்லாக் கூட்டங்களுக்கும் ஒரே மதிப்புக் கொடுத்தால் ஈரப்பலாக்காய் பலாக்காயோடு எவ்வளவு ஒத்திருக்கிறதோ, அதே அளவுக்கு ஓட்டோவோடும் ஒத்திருக்கிறது. பொருள்கள் மூன்றானாலும் மூவாயிரமானாலும் இந்தக் கணக்கு மாறாது.

ஜப்பானிய இயற்பியலாளர் சத்தோசி வத்தனபே 1969இல் எழுதிய நூலில் இதை நிறுவிக் காட்டினார். அசிங்கமான வாத்துக்குஞ்சு என்று எள்ளப்பட்ட அன்னக்குஞ்சின் கதையை ஒட்டி, அசிங்கமான வாத்துக்குஞ்சுத் தேற்றம் என்று இதற்குப் பெயர். ஒற்றுமை தெரியவேண்டுமானால் சில இயல்புகள் முக்கியம், சில முக்கியமில்லை என்று யாராவது முன்கூட்டியே முடிவுசெய்ய வேண்டும். சமைப்பவருக்கு மாச்சத்து முக்கியம். லொறியில் ஏற்றுபவருக்கு நிறை முக்கியம். இதில் எது சரி என்று பொருள்களே வாய் திறந்து சொல்வதில்லை.

கொழும்புக்கு இதில் ஒரு பழைய பங்கு உண்டு. 1670களில் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனியின் வைத்தியராக இங்கே பணியாற்றிய பவுல் ஹேர்மன் இலங்கைச் செடிகளைச் சேகரித்து உலர்த்தி ஒட்டி வைத்தார். அந்த ஐந்து தொகுதிகளும் பல கைகள் மாறி, அவர் இறந்து அரை நூற்றாண்டு போன பிறகு சுவீடனில் உயிரினங்களை வகைப்படுத்திய அறிஞர் லின்னேயஸிடம் சேர்ந்தன. இலங்கையை ஒருநாளும் கண்டிராத லின்னேயஸ் அவற்றைக் கொண்டு 1747இல் 'புளோரா சைலானிகா' (இலங்கைத் தாவரங்கள்) எழுதினார். அவர் பிடித்துக்கொண்ட இயல்பு பூவுக்குள் மகரந்தம் தாங்கி நிற்கும் கேசரங்கள். அவை எத்தனை, எங்கே ஒட்டியிருக்கின்றன என்று பார்த்துத் தாவர உலகை 24 வகுப்புகளாக்கினார். எண்ணத் தெரிந்தால் போதும், யாரும் செடியை வகைப்படுத்தலாம். ஆனால் நாகதாளியும் கொய்யாவும் ஒரே வகுப்பில் போய் உட்கார்ந்தன. டி.என்.ஏ. வந்த பிறகு இன்று கேட்கப்படுவது வேறு கேள்வி: எந்தெந்தச் செடிகளுக்கு மூதாதை பொது? 24ஆவது வகுப்பு இன்னும் வேடிக்கை. பூ வெளித்தெரியாத பன்னம், பாசி, காளான் எல்லாவற்றையும் அதற்குள் தள்ளிவிட்டார். எதுவும் தப்பாமல் வகைப்படுத்துகிறோம் என்று சொல்லும் எந்த ஒழுங்கிலும் 'மற்றவை' என்றொரு பெட்டி ஒளிந்திருக்கும். உயர்திணை மக்கள், மற்றதெல்லாம் அஃறிணை என்று இரண்டே வரியில் முடித்த தொல்காப்பியர் அதை ஒளிக்காமல் சொன்னார், அவ்வளவுதான்.

நூலகத்துக்குள் போனால் இந்தப் பெட்டியின் அரசியலும் தெரியும். அமெரிக்க நூலகர் மெல்வில் டூயி 1876இல் வெளியிட்ட, நூல்களைப் பொருள்வாரியாக எண்ணிட்டு அடுக்கும் தசமப் பகுப்பு இலங்கை நூலகங்களில் பரவலாகப் புழங்குகிறது. அதன் மரபான அமைப்பில் சமயத்துக்கு 200 முதல் 299 வரை. விவிலியமும் கிறிஸ்தவமும் 220 முதல் 289 வரையுள்ள எண்களை எடுத்துக்கொண்டன. பௌத்தம் 294.3, இந்து சமயம் 294.5, இஸ்லாம் 297. அதாவது கொழும்பு வாசகர்களில் பெரும்பாலோரின் சமயங்கள் புள்ளிக்குப் பின்னாலும் வரிசைக் கடைசியிலும் நெருக்கியடித்து நிற்கின்றன. டூயியின் அமெரிக்க நூலகத்துக்கு அது பொருத்தமாக இருந்திருக்கலாம்.

ஓரிட விதியை உள்ளிருந்தே உடைத்தவர் சீர்காழியில் பிறந்த எஸ். ஆர். ரங்கநாதன். கணித ஆசிரியராக இருந்து சென்னைப் பல்கலைக்கழக நூலகரானவர். இலண்டன் கடை ஒன்றில் சிறு துண்டுகளைப் பொருத்தி வேண்டியதைச் செய்யும் மெக்கானோ விளையாட்டுப் பொருளைப் பார்த்தபோது யோசனை பிடிபட்டது: ஆயத்தப் பெட்டிகள் எதற்கு, சிறு துண்டுகளைக் கொடுத்துவிட்டுத் தேவையானதைப் பொருத்திக்கொள்ளச் சொன்னால் என்ன? 1933இல் அவருடைய கோலன் பகுப்பு வெளிவந்தது. ஒரு நூல் எதைப் பற்றியது, எதனால் ஆனது, அதில் என்ன நடக்கிறது, எங்கே, எப்போது என ஐந்து முகங்களைப் பின்னாளில் வரையறுத்தார். என் கணிப்பில் கடந்த நூற்றாண்டின் மிகக் கூர்மையான தமிழ் மூளைகளில் அவருடையதும் ஒன்று.

ஆனாலும் அடுக்கு என்பது நேர்கோடு. ஐந்து முகங்களில் எதை முதலில் எழுதுவது என்று முடிவெடுத்தே ஆகவேண்டும். ரங்கநாதன் இடத்தை நான்காவதாக வைத்தார். ஆகவே கொழும்பின் டெங்கு, கொழும்பின் குடிநீர், கொழும்பின் கட்டடக்கலை மூன்றும் மூன்று மூலைகளில் இருக்கும். கணினிப் பட்டியலில் 'கொழும்பு' என்று தட்டினால் மூன்றும் ஒரே திரையில் வந்துவிடும், நூல்களை எடுக்க மட்டும் நூலகத்தைச் சுற்றி நடக்கவேண்டும்.