அபாலஜெட்டிக்ஸ்: ஒரு சொல்லும் அதற்குரிய தமிழும்

தான் ஏற்றிருக்கும் சமய நம்பிக்கைக்கு உரிய காரணங்களைப் பிறர் வினவும்போது அறிவுக்குப் பொருந்த எடுத்துரைப்பதும், அந்நம்பிக்கையின்மீது எழும் மறுப்புகளுக்கு விடை கூறுவதும் ஆகிய துறைக்குக் கத்தோலிக்கத் திருஅவையில் ‘அபாலஜெட்டிக்ஸ்’ என்று பெயர். குருமாணவர்களின் வகுப்பறைக்குள் புழங்கி வந்த இச்சொல் இப்போது பங்குகளின், அதாவது ஊர்த் தேவாலயச் சமூகங்களின், அறிவிப்புப் பலகைக்கும் வந்துவிட்டது. ஆனால் எல்லாரும் ஒப்புக்கொண்ட தமிழ்ச்சொல் ஒன்று இதற்கு இன்னும் நிலைபெறவில்லை. வேலூர் மறைமாவட்டப் பங்கு ஒன்றில் இளையோர் வகுப்புக்கு அறிவிப்பு எழுதும் பொறுப்பு என்னிடம் வந்தபோது, வேறு வழி தோன்றாமல் இச்சொல்லையே தமிழ் எழுத்தில் எழுதி ஒட்டினேன். ஞாயிறு பூசை முடிந்து வெளியே வந்த மூதாட்டி ஒருவர், கண்ணாடியை முந்தானையில் துடைத்துப் போட்டுக்கொண்டு, அதை எழுத்துக் கூட்டிப் படித்தார். பக்கத்தில் நின்ற பேத்தி, “அப்பாலஜின்னா மன்னிப்பு ஆயா” என்று பொருள் சொன்னாள். “பாவசங்கீர்த்தனத்துக்குத் தனியா வகுப்பு வெக்கிறாங்களா?” என்று, குருவிடம் பாவத்தை அறிக்கையிட்டு மன்னிப்புப் பெறும் சடங்கை நினைத்துக் கேட்டார் ஆயா.

பேத்தியைக் குறை சொல்ல முடியாது. இரண்டு சொற்களுக்கும் வேர் ஒன்றுதான். கிரேக்கத்தின் ‘அப்பொலொகியா’ அது. பண்டைய ஏதென்ஸ் வழக்குமன்றத்தில் குற்றம் சாட்டுபவர் முதலில் பேசுவார். அப்பேச்சு ‘கத்தேகொரியா’ எனப்பட்டது. அது முடிந்தபின் குற்றம் சாட்டப்பட்டவர் எழுந்து சொல்லும் மறுமொழியே அப்பொலொகியா. கி.மு. 399-இல் சாக்ரட்டீஸ் கூறிய மறுமொழி இப்பெயராலேயே வழங்குகிறது. அதில் அவர் மன்னிப்புக் கேட்கவில்லை என்பது மட்டுமன்று, தமக்கு உரியது தண்டனை அன்று, நகரத்தின் செலவில் சாப்பாடு என்றும் வாதிட்டார். செய்ததற்கு நியாயம் சொல்லுதல் என்ற பொருள், செய்ததற்கு வருத்தம் தெரிவித்தல் என்று திரிந்தது பிற்கால ஆங்கிலத்தில்தான். அங்கேயும் பழைய பொருள் முற்றாக மறைந்துவிடவில்லை. தம் நேர்மையை ஐயுற்றவருக்கு மறுமொழியாக ஆங்கிலேயக் கத்தோலிக்கக் குரு ஜான் ஹென்றி நியூமன் 1864-இல் எழுதிய தன்வரலாற்றின் தலைப்பில் இச்சொல் பழைய பொருளிலேயே நிற்கிறது.

கிறிஸ்தவ எழுத்தில் இச்சொல் ஒரு நூல்வகையின் பெயரானது இரண்டாம் நூற்றாண்டில். உரோமைப் பேரரசர் அந்தோனினுஸ் பீயுசுக்கு எழுதிய புனித யுஸ்தின், 197-இல் எழுதிய தெர்த்துல்லியன் ஆகியோர் இவ்வகை எழுத்தின் முன்னோடிகள். கிறிஸ்தவர்கள் மனித இறைச்சி தின்கிறார்கள் என்று அக்காலத்தில் ஒரு வதந்தி இருந்தது. யுஸ்தின் எழுதியவற்றுள் என் மதிப்பில் மிகச் சிறந்த பகுதி, ஞாயிற்றுக்கிழமை கிறிஸ்தவர்கள் கூடி என்ன படிக்கிறார்கள், எதைப் பகிர்ந்து உண்கிறார்கள், காணிக்கையை எவருக்குக் கொடுக்கிறார்கள் என்று வரிசையாகச் சொல்லிச் செல்லும் இடம்தான். கதவைத் திறந்து, உள்ளே நடப்பதைக் காட்டிவிடுகிறார்.

இனி விவிலியம். இத்துறைக்கு அடிப்படையாக எல்லாரும் காட்டும் வசனம் பேதுருவின் முதல் திருமுகம் 3:15. அதில் வரும் ‘அப்பொலொகியா’ என்ற கிரேக்கச் சொல்லைத் தமிழ் மொழிபெயர்ப்புகள் எவ்வாறு கையாண்டுள்ளன என்று பார்ப்பது பயனுள்ளது. சீர்திருத்தச் சபையார் (புரொட்டஸ்டண்டுகள்) வழிவழியாகப் படித்துவரும் மொழிபெயர்ப்பில், ‘சாந்தத்தோடும் வணக்கத்தோடும் உத்தரவு சொல்ல’ ஆயத்தமாயிருக்க வேண்டும் என்று உள்ளது. இன்றைய வாசகர் ‘உத்தரவு’ என்றதும் கலெக்டர் அலுவலகத்து ஆணையை நினைப்பார். ‘உத்தரம்’ என்றால் மறுமொழி. வினா விடையைக் ‘கேள்வி உத்தரம்’ என்று சொன்ன காலம் உண்டு. அந்த வழியில் வந்த ‘உத்தரவு’ இங்கே விடை என்ற பொருளில் நிற்கிறது. பொருள் திரிந்து, விடை சொல்பவர் கட்டளை இடுபவராகிவிட்டார். இத்துறையில் ஈடுபடுவோர் சிலருக்கு நேர்வதும் இதுவே என்பதால் இத்திரிபு எனக்குத் தற்செயலாகத் தோன்றுவதில்லை. 1995-இல் வெளிவந்த திருவிவிலியம் பொது மொழிபெயர்ப்போ, யாராவது ‘விளக்கம் கேட்டால் விடை அளிக்க’ ஆயத்தமாய் இருங்கள் என்றும், ‘பணிவோடும் மரியாதையோடும்’ அளியுங்கள் என்றும் கூறுகிறது. இரண்டு மொழிபெயர்ப்பிலும் கேட்பவர் ஒருவர் முன்னே இருக்கிறார். அவர் வாய் திறந்த பிறகே நம் பேச்சுக்கு இடம் உண்டு.

இந்த அளவுகோலைக் கையில் வைத்துக்கொண்டு, வழக்கில் உள்ள தமிழாக்கங்களைப் பார்க்கலாம். ‘தற்காப்பு’ என்பதைச் சேர்த்து அமைக்கும் தொடர்களே மிகுதி. தன்னைக் காத்தல் என்ற பொருளுடைய இச்சொல், கராத்தே வகுப்புக்குப் பொருந்தும் அளவு இதற்குப் பொருந்தவில்லை. காக்கப்படுவது தான் அன்று என்பது ஒரு குறை. எதிரில் இருப்பவரைத் தாக்க வந்தவராக முன்கூட்டியே முடிவு செய்துவிடுவது அதைவிடப் பெரிய குறை. ‘தர்க்கம்’ என்பது கருவியின் பெயர், செயலின் பெயர் அன்று. பேச்சு வழக்கிலோ வீண் சண்டை என்றே அது பொருள்படும். ‘கண்டனம்’, ‘மறுப்பு’ ஆகியவை பிறர் கொள்கையைத் தாக்கும் வேறொரு துறைக்கு உரியவை.

இந்த வேறுபாட்டை நம் முன்னோர் தெளிவாகவே அறிந்திருந்தனர். நன்னூல் எழுவகை மதம் என்று தொகுத்துச் சொல்வனவற்றுள் ‘தாஅன் நாட்டித் தனாது நிறுப்பு’ ஒன்று; ‘பிறர்நூற் குற்றங் காட்டல்’ மற்றொன்று. சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியார் பிறர் மதம் மறுக்கும் பகுதியைப் பரபக்கம் என்றும், தன் மதம் நிறுவும் பகுதியைச் சுபக்கம் என்றும் பிரித்துக்கொண்டது. தமிழ்க் கத்தோலிக்க உரைநடையின் தொடக்கக் காலத் தலைப்புகளில் இவ்விரண்டும் கலந்தே காணப்படுகின்றன. 17-ஆம் நூற்றாண்டில் தத்துவபோதகர் எனப்பட்ட ராபர்ட் தெ நொபிலி ‘தூஷண திக்காரம்’ (பழிச்சொற்களை மறுத்தல்) எழுதினார். அடுத்த நூற்றாண்டில் வீரமாமுனிவர் ‘பேதகம் மறுத்தல்’, ‘வேத விளக்கம்’ ஆகியவற்றை எழுதினார். இவற்றுள் ‘வேத விளக்கம்’ என்ற தலைப்பே எனக்கு உகந்தது. அந்நூல் லுத்தரன் சபையாரை எதிர்த்து எழுதப்பட்டது, அதன் நடையும் மென்மையானது அன்று. ஆயினும் ‘விளக்கம்’ என்ற சொல்லை இத்துறையோடு இணைத்த பெருமை அதற்கு உண்டு.

ஒரு காலத்தில் நானும் புதுச்சொல் ஆக்க முயன்றேன். ‘மறை’ என்பது நம் வழக்கில் சமயத்தைக் குறிக்கும். மறைமாவட்டம், மறையுரை, மறைக்கல்வி, மறைச்சாட்சி எனப் பல சொற்கள் அதனடியாகப் பிறந்துள்ளன. எனவே ‘மறைவிடை’ என்று அமைத்து, தமிழாசிரியர் ஒருவரிடம் பெருமையோடு காட்டினேன். அவர் நன்னூலின் எண்வகை விடையைச் சொல்லச் சொன்னார். சுட்டு, மறை, நேர், ஏவல், வினா எதிர் வினாதல், உற்றது உரைத்தல், உறுவது கூறல், இனமொழி என்று ஒப்பித்து வரும்போதே என் பிழை புரிந்தது: ‘இதைச் செய்வாயா?’ என்றதற்குச் ‘செய்யேன்’ என்பதுதான் இலக்கணத்தில் மறைவிடை. நம்பிக்கைக்கு விளக்கம் கேட்டவரிடம் ‘முடியாது’ என்று சொல்லும் துறைக்கு நான் பெயர் சூட்டியிருந்தேன்.

அந்தப் பட்டியலில் உள்ள ‘வினா எதிர் வினாதல்’ என்ற விடையை நான் ஒருமுறை பயன்படுத்தியதையும் இங்கே சொல்ல வேண்டும். ஆம்பூரில் ஒரு தோல் தொழிற்சாலையின் கணக்குப் பிரிவில் இருந்தபோது, மேற்பார்வையாளராக இருந்த பாய் ஒருவர் மதிய உணவுக்கு என்னோடு உட்காருவார். செப்டம்பர் மாதத்தில் ஒருநாள், டிபன் கேரியரின் அடுக்குகளைப் பிரித்து வைத்துக்கொண்டே, “தம்பி, ஒண்ணு கேட்டா தப்பா நெனைக்க மாட்டியே? மர்யம் அம்மையார நாங்களும் மதிக்கிறோம். அவங்க பேர்ல எங்க வேதத்துல ஒரு சூராவே இருக்கு. ஆனா நீங்க கும்பிடுறீங்களே, அப்போ அவங்க கடவுளா?” என்று கேட்டார். கேள்வியில் குத்தல் ஏதும் இல்லை. நானோ, “தர்காவுல மட்டும் என்ன பாய் நடக்குது?” என்று திருப்பிக் கேட்டேன். அவர் பதில் சொல்லவில்லை. எனக்காக எடுத்து வைத்திருந்த கறித்துண்டை என் தட்டில் போட்டுவிட்டு, அமைதியாகச் சாப்பிட்டு முடித்தார்.

மறுநாள் நானே அவரிடம் பேச்சைத் தொடங்கினேன். சிக்கல் நம்பிக்கையில் இருந்ததைவிடச் சொல்லில் மிகுதியாக இருந்தது. தமிழில் கடவுளையும் கும்பிடுகிறோம், வாத்தியாரையும் கும்பிடுகிறோம், ஓட்டுக் கேட்டு வருபவர் நம்மையே கும்பிடுகிறார். ‘கும்பிடுதல்’ கையின் செயலைச் சொல்லுமேயன்றி மனம் எதைக் கருதுகிறது என்பதைச் சொல்லாது. கத்தோலிக்க மரபிலோ கடவுளுக்கு மட்டும் உரியது ஆராதனை. புனிதர்களுக்குச் செலுத்துவது வணக்கம். அன்னை மரியாவுக்குச் செலுத்துவது அவ்வணக்கத்தின் மிக உயர்ந்த நிலை, ஆயினும் வணக்கமே. இறைவனுக்கே உரிய ஆராதனை வேறு, திருவுருவங்களுக்குச் செலுத்தும் வணக்கம் வேறு என்பதைக் கிரேக்கச் சொற்களைக் கொண்டு 787-இல் நிசேயாவில் இரண்டாம் முறையாகக் கூடிய ஆயர்களின் பொதுச்சங்கமே வரையறுத்தது. இதை முடிந்தவரை எளிமையாகச் சொன்னேன். “அப்போ அவங்ககிட்ட என்னதான் கேக்குறீங்க?” என்றார். ‘எங்களுக்காக வேண்டிக்கொள்ளும்’ என்று செபத்தில் வரும் தொடரைச் சொன்னேன். பாய் சிறிது நேரம் யோசித்தார். “நேரா அல்லாகிட்டயே கேக்கலாமே தம்பி. ஆனா நீ சொல்றது இப்போ புரியுது” என்றார். அவர் உடன்படவில்லை. உடன்பாடு இல்லாமலே புரிதல் நிகழ்ந்தது. என் கருத்தில் அப்பொலொகியா நடந்தது முதல் நாளில் அன்று, இரண்டாம் நாளில்தான்.

பேதுரு ‘பணிவோடும் மரியாதையோடும்’ என்று சேர்த்தது நடையழகுக்காகச் சேர்த்த அடைமொழி அன்று என்பதை அந்த இரண்டு நாள்களும் எனக்குக் காட்டின. இயேசு சபையை நிறுவிய புனித இஞ்ஞாசியார் தம் ஆன்மிகப் பயிற்சிகளின் தொடக்கத்திலேயே, அடுத்தவர் கூற்றைக் குற்றம் என்று தள்ளுவதைவிட அதற்கு நல்ல பொருள் கொள்ளவே கிறிஸ்தவர் முந்த வேண்டும், இயலாதபோது அவர் அதை எப்பொருளில் கொள்கிறார் என்று கேட்க வேண்டும் என்று விதிக்கிறார். சமய உரிமை குறித்து 1965-இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் வெளியிட்ட அறிக்கையும், உண்மை தன் சொந்த வலிமையாலன்றி வேறு எதனாலும் மனத்துக்குள் நுழைவதில்லை என்ற கருத்தின்மேல் நிற்கிறது. நம் பகுதியில் திருப்பத்தூர் தூய நெஞ்சக் கல்லூரியை 1951-இல் தொடங்கிய சலேசியர்கள், புனித பிரான்சிஸ் சலேசியாரின் பெயரால் அழைக்கப்படுபவர்கள். சீர்திருத்தச் சபையைத் தழுவியிருந்த ஷப்ளே பகுதிக்கு அவர் 1594-இல் சென்றபோது, அவர் பேச்சைக் கேட்க மக்கள் வரவில்லை. எனவே கத்தோலிக்க நம்பிக்கையைத் தாள்களில் எழுதி வீடுகளுக்குச் சேர்ப்பித்தார். மென்மைக்குப் பெயர் பெற்ற அவரையே திருஅவை இத்துறைக்கு முன்மாதிரியாகக் காட்டுவது வழக்கம்.

தமிழ் மரபுக்கும் இது அயலானது அன்று. மணிமேகலையில் விழா அறிவிக்கும் வள்ளுவன், சமயவாதிகளைப் பட்டிமண்டபம் ஏறுமாறு அழைத்துவிட்டு, உடனேயே, ‘பற்றா மாக்கள் தம்முட னாயினும் செற்றமும் கலாமும் செய்யா தகலுமின்’ என்கிறான். வாதத்துக்கு மேடையும், சினத்துக்குத் தடையும் ஒரே மூச்சில் அறிவிக்கப்படுகின்றன. கோட்டைக்குள்ளேயே சலகண்டேசுவரர் கோயிலும் பள்ளிவாசலும் தேவாலயமும் இருக்கின்ற வேலூரில் வாழ்பவர்களுக்கு அந்த அறிவிப்பு பழையதாகத் தோன்றாது.

ஆகவே என் பரிந்துரை ‘நம்பிக்கை விளக்கம்’ என்பது. கல்வித் துறையாகக் குறிக்க வேண்டிய இடத்தில் ‘நம்பிக்கை விளக்கவியல்’. இதற்கு ஒரு தடை சொல்லப்படுவதுண்டு. இன்றைய கத்தோலிக்க வழக்கில் ‘நம்பிக்கை’ என்பது பழைய ‘விசுவாசம்’ இருந்த இடத்தில் இருக்கிறது. வரப்போகும் நன்மைக்காகக் காத்திருப்பதற்கு ‘எதிர்நோக்கு’ என்கிறோம். ஆனால் 1853-இல் உருவான அமெரிக்க ஆற்காடு மிஷன் வழிவந்த சி.எஸ்.ஐ. (தென்னிந்தியத் திருச்சபை) சபையார்க்கு விசுவாசம் விசுவாசமாகவே இருக்கிறது. நம்பிக்கை என்றால் அவர்களுக்கு எதிர்நோக்குதான். விசுவாச முயற்சி, நம்பிக்கை முயற்சி, தேவசிநேக முயற்சி என்று செபம் சொல்லி வளர்ந்த நம் வீட்டுப் பெரியவர்களுக்கும் அப்படியே. ஒரே குடும்பத்தில் இரு சபையாரும் இருப்பது அரிதல்லாத இவ்வூரில், ஒரே தொடரை இருவர் இரு பொருளில் படிப்பார்கள் என்பது உண்மை. ஆனால் பேதுருவின் வசனத்தை மீண்டும் பார்த்தால், அவர் விளக்கம் சொல்லச் சொன்னது ‘எல்பிஸ்’ என்ற கிரேக்கச் சொல் குறிக்கும் எதிர்நோக்கைப் பற்றியே. பெரியவர்களும் சி.எஸ்.ஐ. உறவினரும் ‘நம்பிக்கை விளக்கம்’ என்பதைத் தம் வழக்குப்படி படித்தால், மூலத்துக்கு நம்மைவிட நெருங்கியே படிக்கிறார்கள்.

அறிவிப்பை மாற்றி, ‘நம்பிக்கை விளக்க வகுப்பு: கேள்வியோடு வருக’ என்று எழுதி ஒட்டினேன். அடுத்த ஞாயிறு அதே ஆயா அதை நின்று படித்தார். இம்முறை பேத்தியைக் கேட்கவில்லை. நேரே என்னிடம் வந்து, இறந்தவர் ஆன்மா விண்ணகம் சேருமுன் தூய்மை பெறும் நிலையைப் பழைய வழக்கில் குறிப்பிட்டு, “உத்தரிக்கிற ஸ்தலத்தப் பத்தி அதுல சொல்வீங்களா? எம் மருமவ சி.எஸ்.ஐ. வூட்டுப் பொண்ணு, அது எங்க எழுதியிருக்குதுன்னு கேட்டுக்கினே இருக்கா” என்றார்.