ஒரே வன்முறை, இரண்டு அட்டவணைகள்

சமூகப்பணி முதுகலை மாணவர்களில் பலர் ஆய்வேட்டுக்குக் குடும்ப வன்முறையைத் தலைப்பாக எடுக்கிறார்கள். களத்துக்குப் போக அவகாசம் இல்லை என்று தெரிந்ததும், "அரசுப் புள்ளிவிவரமே இருக்கிறதே, அதை வைத்து எழுதிவிடுகிறேன்" என்கிறார்கள். நான் தடுப்பதில்லை. சில வேளைகளில் அதுதான் நல்லதும்கூட.

அடி வாங்கும் பெண்ணின் வீட்டு வாசலில், பயிற்சி இல்லாத இளைஞர் ஒருவர் வினாப்பட்டியலோடு போய் நிற்பது அவளுக்கே ஆபத்தாக முடியலாம். அரசு வீடுவீடாக நடத்தும் தேசியக் குடும்ப நல ஆய்வில் வன்முறை பற்றிய கேள்விகளை ஒரு வீட்டில் ஒரு பெண்ணிடம் மட்டுமே, அதுவும் தனிமை கிடைத்தால்தான் கேட்கிறார்கள். கிடைக்காவிட்டால் அந்தப் பகுதியையே விட்டுவிடுகிறார்கள். இந்தியா முழுவதும் 6 லட்சத்துக்கும் அதிகமான வீடுகளுக்குப் போன ஆய்வு அது. தனி ஆள் எவராலும் அதைச் செய்ய முடியாது. ஏற்கெனவே சொல்லப்பட்ட வேதனையை மறுபடியும் கிளறாமல் படிக்கக் கிடைப்பதே இரண்டாம் நிலைத் தரவின், அதாவது பிறர் திரட்டி வைத்த தரவின், பெரிய பலம் என்பேன். செலவு மிச்சமாவதெல்லாம் அதற்கு அப்புறம்தான்.

சிக்கல், அட்டவணையைப் பிரதி எடுக்கும்போது தொடங்குகிறது. தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் எண்ணையும் குடும்ப நல ஆய்வின் விழுக்காட்டையும் ஒரே பத்தியில் அடுக்கிவிடுகிறார்கள். முதலாவது, காவல் நிலையத்தில் பதிவான வழக்குகளின் கணக்கு. ஒரே வழக்கில் பல குற்றங்கள் இருந்தால் கடுமையான குற்றத்தின் தலைப்பில் மட்டுமே அது எண்ணப்படும். இரண்டாவது, பெண்கள் தங்கள் வாயால் சொன்னது. 2019-21 சுற்றில் தமிழ்நாட்டில் மணமான பெண்களில் 38 விழுக்காட்டினர் கணவனின் வன்முறையை அனுபவித்ததாகச் சொன்னார்கள். அவர்களில் பெரும்பாலோர் காவல் நிலையப் படியேறியதே இல்லை.

அதனால் வழக்குகள் கூடினால் வன்முறை கூடிவிட்டது என்று எழுத முடியாது. தமிழ்நாட்டில் 1992 முதல் அனைத்து மகளிர் காவல் நிலையங்கள் வந்தன. புகார் கொடுக்க ஓர் இடம் கிடைத்தாலே பதிவுகள் பெருகும். ஒரு மாவட்டத்தில் வழக்கு குறைவாக இருப்பதை அமைதி என்று படித்த ஆய்வேடுகள் எனக்கு எரிச்சலூட்டுகின்றன.

குடும்ப நல ஆய்விலும் ஓட்டைகள் உண்டு. வன்முறைக் கேள்விகள் கேட்கப்பட்டது வீடுகளில் ஒரு சிறு பகுதியில்தான். ஆகவே மாநில அளவுக்கு அந்த விழுக்காடு பொருந்தும், மாவட்டத்துக்கு இறக்க முடியாது. தென்காசி, கள்ளக்குறிச்சி போன்ற புதிய மாவட்டங்களுக்கோ எந்தத் தலைப்பிலும் தனியான மாவட்டத் தரவுத் தாளே இல்லை. அவை அந்தச் சுற்றில் பழைய மாவட்டங்களுக்குள் அடங்கியவை. 50 வயதைத் தாண்டிய பெண்கள் கணக்கில் வரவே இல்லை. போதாததற்கு, தமிழ்நாட்டில் அந்தச் சுற்றின் களப்பணி பொது முடக்கத்துக்கு முன் பாதி, பின் பாதி என்று நடந்தது. கொரோனாவின் விளைவு என்று அந்த எண்ணைக் காட்டுபவர்கள் தேதியைப் பார்ப்பதில்லை.

என்னிடம் வருபவர்களிடம் அட்டவணைக்கு முன்னால் வினாப்பட்டியலைக் கேட்பேன். அது பொதுவெளியில் கிடைக்கிறது. அறைந்தாரா, தள்ளினாரா, தலைமுடியைப் பிடித்து இழுத்தாரா என்று ஒவ்வொன்றாகக் கேட்டிருப்பார்கள். அவற்றில் உங்கள் ஆய்வுக் கேள்விக்குப் பதில் இருக்கிறதா என்று பாருங்கள். பொருளாதாரக் கட்டுப்பாடோ மாமியார் வீட்டுக் கொடுமையோதான் உங்கள் அக்கறை என்றால் கணவனைப் பற்றிய அந்த 38 விழுக்காடு உதவாது. தலைப்பை மாற்றுங்கள், அல்லது மகளிர் உதவி மையத்தில் அனுமதி வாங்கிக் களத்துக்குப் போங்கள்.