ஜமாபந்தி என்றால் மனு வாங்குகிற நாளா?

மே மாசக் கடைசியில் தாலுகா ஆபீஸ் வாசலில் சாமியானா போட்டு நாற்காலி இறக்கினால் ஜமாபந்தி வந்துவிட்டது என்று அர்த்தம். எங்கள் பட்டாவில் அப்பாரு பெயரில் ஓர் எழுத்து தப்பாக ஏறிக் கிடக்கிறது, அதைத் திருத்தச் சொல்லி இரண்டு வருஷமாக நானும் அங்கே போய் மனு கொடுத்துவிட்டு வருகிறேன். போன தடவை வரிசையில் பின்னால் நின்ற பையன், "ஏனுங்ண்ணா, ஜமாபந்தின்னா மனு வாங்கற நாளுங்களா?" என்று கேட்டான். வெயில் வேறு, ஆமாம்ப்பா என்று சொல்லிவிட்டேன். வீட்டுக்கு வந்ததும் உறுத்தியது. மனு வாங்குவது அதில் ஓரத்தில் நடக்கிற வேலைதான்.

சொல்லைப் பிரித்துவிடுவோம். 'ஜமா' அரபி. சேர்த்தல், சேர்ந்த மொத்தம் என்று பொருள். ஜமாஅத், வெள்ளிக்கிழமை ஜும்மா எல்லாம் அதே வேர். 'பந்தி' பாரசீகம், கட்டுதல். நம் சாப்பாட்டுப் பந்திக்கும் இதற்கும் உறவில்லை, பந்தோபஸ்துதான் இதற்குப் பங்காளி. ஆக, ஜமாபந்தி என்றால் வரவேண்டிய மொத்த வரியை இவ்வளவு என்று கட்டி முடிப்பது. பஞ்சாப், அரியானா பக்கம் இதே சொல் நில உரிமைப் பதிவேட்டைக் குறிக்கும். அங்கே அது கையில் வாங்குகிற காகிதம், இங்கே வருஷத்துக்கு ஒருமுறை நடக்கிற நிகழ்ச்சி.

ஏன் வருஷத்துக்கு ஒருமுறை? அந்தக் கதை நம்ம ஊர்ப் பக்கத்துக் கதை. 1792-இல் திப்பு சுல்தான் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையில் சேலத்தையும் பாரமகாலையும் (இன்றைய தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம்) கும்பினியிடம், அதாவது கிழக்கிந்தியக் கம்பெனியிடம், விட்டுக்கொடுத்தார். வரி வசூலிக்க வந்தவர் அலெக்சாண்டர் ரீடு, அவருக்கு உதவியாளராக தாமஸ் மன்றோ, எல்லாரும் பட்டாளத்துக்காரர்கள். நடுவில் ஆள் வைக்காமல் ஒவ்வொரு குடியானவனிடமும் நேராக வரி பேசுகிற ரயத்துவாரி முறையை இவர்கள் இங்கேதான் பழகிப் பார்த்தார்கள். முதலில் பல வருஷத்துக்கு ஒரே தொகை என்று குத்தகை போலக் கட்டப் பார்த்தார்கள், அது எடுபடவில்லை. வானம் பார்த்த பூமியில் அடுத்த வருஷம் எத்தனை காட்டை உழுவோம் என்று எவன் எழுதிக் கொடுப்பான்? 1796-இல் ரீடு வருஷா வருஷம் கணக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று வழி விட்டார். இந்த வருஷம் ஒரு காட்டை விட்டுவிடலாம், சர்க்கார் தரிசில் தர்க்காஸ்து என்கிற விண்ணப்பம் போட்டு இன்னொன்று எடுக்கலாம், பயிர் விளையாமல் சாவியாகப் போனால் தள்ளுபடி கேட்கலாம். அப்படியானால் ஒவ்வொருவன் தலையிலும் நிற்கிற தொகை வருஷத்துக்கு வருஷம் மாறும். அதை உட்கார்ந்து தீர்க்க ஒரு நாள் வேண்டுமே, அதுதான் ஜமாபந்தி.

சேலம் பக்கம் கொஞ்ச காலம் இது கைவிட்டும் போனது. 1802-க்குப் பிறகு நிலத்தை மிட்டா என்கிற சின்னச் சின்ன ஜமீன்களாகக் கூறு போட்டு ஏலம் விட்டார்கள், பல மிட்டாக்கள் பாக்கி கட்டமுடியாமல் சர்க்காரிடமே திரும்பின. மிட்டாதார் என்கிற பட்டப்பெயர் மட்டும் அங்கே இன்னும் வழங்குகிறது. 1820-இல் மன்றோ சென்னைக்குக் கவர்னராக வந்ததும் ரயத்துவாரி மாகாணத்தின் பெரும்பகுதிக்குப் பரவியது, கூடவே ஜமாபந்தியும்.

அங்கே நடக்கிற அசல் வேலையை யாரும் பார்ப்பதில்லை. வருவாய்த் துறை கணக்கு வைக்கிற பசலி ஆண்டு ஜூலை 1-இல் தொடங்கி ஜூன் 30-இல் முடியும். பசலி 1434 என்றால் 590-ஐக் கூட்டிக்கொள்ளுங்கள், 2024 ஜூலையில் தொடங்கியது. அது முடிகிற நேரத்தில் ஒவ்வொரு கிராமத்துச் சிட்டாவும் (யாருக்கு எவ்வளவு நிலம் என்கிற கணக்கு) அடங்கலும் (எதில் என்ன பயிர் என்கிற கணக்கு) மேஜைக்கு வரும். முன்பு மணியகாரரும் கணக்குப்பிள்ளையும் துணியில் கட்டிக் கொண்டுவந்தார்கள், 1980-இல் அந்தப் பதவிகளை ஒழித்த பிறகு வி.ஏ.ஓ. கொண்டுவருகிறார். சாமியானா ஓரத்தில் நில அளவைச் சங்கிலியை இழுத்துப் பிடித்து, அது நீண்டிருக்கிறதா என்று அதிகாரி பார்ப்பார். பழைய சங்கிலி 66 அடி, 100 கண்ணி. பத்துச் சதுரச் சங்கிலி சேர்ந்தால் ஒரு ஏக்கர், நாம் சொல்கிற சென்ட் அதில் நூறில் ஒன்று. இழுத்து இழுத்துச் சங்கிலி ஓர் அங்குலம் நீண்டாலும் அளவு தப்பிவிடும், வரப்புச் சண்டை வந்து நிற்கும்.

சரி, தமிழில் என்ன சொல்வது? அரசு வைத்திருப்பது 'வருவாய்த் தீர்வாயம்'. எனக்கு அது பிடித்தே இருக்கிறது. தீர்வு + ஆயம், ஆயம் என்றால் வரி, சுங்கம். நோட்டீசில் பல சமயம் 'தீர்ப்பாயம்' என்று அச்சாகி வருகிறது, அது வழக்கு விசாரிக்கிற இடம், வேறு சொல். இன்னொன்றும் தோன்றுகிறது. ஜமாவுக்கு ஆயம், பந்திக்குக் கட்டு என்று சொல்லுக்குச் சொல் வைத்தால் 'ஆயக்கட்டு' வரும். ஆனால் கீழ்பவானிப் பாசனக்காரரிடமோ பி.ஏ.பி. (பரம்பிக்குளம்-ஆழியாறு) பாசனக்காரரிடமோ போய் ஆயக்கட்டு என்றால் வாய்க்காலில் தண்ணீர் எப்போது விடுகிறார்கள் என்றுதான் கேட்பார்கள், பாசனம் பெறுகிற பரப்புக்கு அந்தச் சொல் போய்விட்டது. ஆகவே தீர்வாயமே இருக்கட்டும். கடைசி நாள் கூட்டத்துக்கு மட்டும் 'குடிகள் மாநாடு' என்று பெயர் வைத்திருக்கிறார்கள், பட்டா கொடுப்பதும் உதவித்தொகை ஆணை கொடுப்பதும் போட்டோ எடுப்பதும் அன்றைக்குத்தான். அப்பாரு பெயரைக் கூப்பிடுவார்களா என்று நானும் போய் உட்கார்ந்திருந்தேன். கூப்பிடவில்லை.