ஸ்க்ராம்ஜெட்: ‘மீயொலி எரிப்பு எஞ்சின்’ என்பது ஏன் தவறு?

மதுரையில் ஜெராக்ஸ் கடைகளில் அடுக்கி விற்கும் போட்டித் தேர்வு நோட்டுகளைப் புரட்டினால் ‘அறிவியல் தொழில்நுட்பம்’ பகுதியில் இந்த வரி தப்பாமல் இருக்கும்: “ஸ்க்ராம்ஜெட் – மீயொலி எரிப்பு எஞ்சின். எரிபொருள் ஒலியை விட வேகமாக எரியும்.” பள்ளிக் கண்காட்சி அட்டைகளிலும் அதே வரிதான். செய்தித்தாள்களிலும் அதேதான். ஒருவர் எழுதியதை அடுத்தவர் எடுத்து எழுதி, இப்போது அது பாடம் போல நிலைத்துவிட்டது. அந்த இரண்டு வாக்கியங்களில் இரண்டு பிழைகள். ஒன்று தமிழில், இன்னொன்று அறிவியலில். முதல் பிழைதான் இரண்டாவதைப் பெற்றது.

சொல்லின் பிறப்பைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஆங்கிலத்தில் ‘சூப்பர்சானிக் கம்பஸ்சன் ராம்ஜெட்’ (சூப்பர்சானிக் – ஒலியை விட வேகமான, கம்பஸ்சன் – எரிதல்) என்ற தொடரில் முதல் இரண்டு சொற்களின் முதலெழுத்துகளை ‘ராம்ஜெட்’டின் முன்னால் ஒட்டியதால் வந்த பெயர். கூடங்குளம் பற்றிய கட்டுரைகளில் வரும் ‘ஸ்க்ராம்’ வேறு; அது அணு உலையை அவசரமாக நிறுத்துவதைக் குறிக்கும். இரண்டையும் ஒரே அகராதிப் பதிவில் போட்டுக் குழப்ப வேண்டாம்.

ராம்ஜெட், அதாவது வண்டியின் வேகத்தாலேயே காற்றை அழுத்தும் எஞ்சின், என்னும் கருத்தை 1913-லேயே ரெனே லோரன் என்ற பிரெஞ்சுக்காரர் எழுத்தில் வைத்தார். அதைக் கொண்டு விமானம் பறக்க 1949 ஆயிற்று. பறக்கவிட்டவர் ரெனே லெடுக், அவரும் பிரான்சுதான். ஸ்க்ராம்ஜெட் 1950களின் இறுதியில் உருவான எண்ணம். இத்தாலியிலிருந்து அமெரிக்கா போன அன்டோனியோ ஃபெர்ரி அதன் முன்னோடி. ஃபிரெடெரிக் பில்லிக், கார்டன் டகர் என்ற இருவர் 1964-ல் இதற்குக் காப்புரிமை கேட்டு விண்ணப்பித்தார்கள். ராணுவ ரகசியம் என்று மூடி வைத்ததால் அது கைக்கு வந்தது 1981-ல்.

இனி எஞ்சினுக்கு வருவோம். அது வேலை செய்கிற விதம் தெரியாமல் அதன் பெயரை எடைபோட முடியாது.

சாதாரண ஜெட் விமான எஞ்சினில் காற்றை அழுத்துவதற்குச் சுழலும் இறக்கை வரிசைகள் உண்டு. ராம்ஜெட்டில் அது எதுவும் கிடையாது. வண்டியின் வேகமே காற்றை வாய்க்குள் முட்டித் திணிக்கிறது. திணிந்த காற்று அழுந்திச் சூடாகிறது. அதில் எரிபொருளைத் தெளித்து எரித்துப் பின்வாய் வழியே வெளியேற்றுகிறார்கள். நின்ற இடத்திலிருந்து இது கிளம்பாது. பிரமோஸ் ஏவுகணையில் முதலில் ஒரு திட எரிபொருள் ராக்கெட் தள்ளிவிட, அதன்பிறகே ராம்ஜெட் மூச்சுவிடத் தொடங்குவது இதனால்தான்.

ராம்ஜெட்டுக்குள் புகும் காற்று எரியறைக்கு வருமுன் ஒலியை விட மெதுவான வேகத்துக்கு இறக்கப்படுகிறது. வேகத்தை இறக்கினால் அந்த ஆற்றல் வெப்பமாக மாறும். 20 கிலோமீட்டர் உயரத்தில் வெளிக்காற்று மைனஸ் 56 டிகிரி செல்சியஸ் அளவில் இருக்கும். மாக் 3-ல், அதாவது ஒலியின் வேகத்தைப் போல மூன்று மடங்கில் பறந்தால், நிறுத்தப்பட்ட காற்று 330 டிகிரியைத் தொடும். மாக் 6 என்றால் ஏறக்குறைய 1,500 டிகிரி. அவ்வளவு சூடான காற்றில் மேலும் எரித்தால், கிடைக்கும் வெப்பத்தில் ஒரு பங்கு மூலக்கூறுகளை உடைப்பதிலேயே வீணாகிறது, உலோகமும் தாங்காது, வேகத்தை இறக்குகிற அதிர்வலைகளில் (ஒலியை விஞ்சி ஓடும் காற்று சட்டென்று அழுந்தும் இடங்கள்) அழுத்தமும் பெருமளவு போய்விடும். மாக் 5 சுற்றுவட்டாரத்தில் ராம்ஜெட் திணறுவதன் காரணம் இதுதான்.

அப்படியானால் காற்றை அவ்வளவு தூரம் இறக்காதே, பாதியில் விட்டுவிடு என்பதுதான் ஸ்க்ராம்ஜெட். மாக் 6-ல் பறக்கும்போது எரியறை வாசலில் காற்று மாக் 2 அளவில் ஓடிக்கொண்டிருக்கும். வெப்பநிலை 700 டிகிரிப் பக்கம்தான். அந்தச் சூட்டில் ஒலியின் வேகமே நொடிக்கு 600 மீட்டரைத் தாண்டுவதால், காற்று ஓடுவது நொடிக்குச் சுமார் 1,250 மீட்டர். ஒரு மீட்டர் நீள எரியறை என்றால், உள்ளே நுழைந்த காற்று ஒரு மில்லி நொடிக்குள் வெளியே போய்விடும். அதற்குள் எரிபொருள் தெறித்து, கலந்து, பற்றி, எரிந்து முடிய வேண்டும். ஆடிக் காற்றில் அம்மியே பறக்கும் என்பார்கள். இது அதைப் போலப் பல மடங்கு காற்றில் அடுப்பை அணையாமல் காப்பது. அதற்காகச் சுவரில் சிறு பள்ளம் வெட்டுகிறார்கள். பள்ளத்துக்குள் காற்று சுழன்று தங்குவதால் சுடர் அங்கே நிலைக்கும். அங்கிருந்துதான் ஓடுகிற காற்று தீப்பற்றுகிறது.

இப்போது அந்த நோட்டுப் புத்தக வரியைப் பாருங்கள். ஒலியை விட வேகமாக ஓடுவது *காற்று*. எரிதல் அன்று. அமைதியான காற்றில் ஹைட்ரஜன் சுடர் நொடிக்கு 3 மீட்டர் அளவில்தான் நகரும். ‘சூப்பர்சானிக் கம்பஸ்சன்’ என்ற ஆங்கிலத் தொடரில் அடைமொழி எரிதலின் மேல் உட்கார்ந்திருந்தாலும், பொருள் ‘ஒலியை விஞ்சி ஓடும் காற்றில் எரித்தல்’ என்பதே. அங்கே இடவேற்றுமை உருபு மறைந்து கிடக்கிறது. தமிழில் வேற்றுமைத்தொகையை விரித்துப் பொருள் காணச் சிறுவயதிலேயே சொல்லிக் கொடுக்கிறோம். அந்தப் பயிற்சியை மொழிபெயர்க்கும்போது மட்டும் மறந்துவிடுகிறோம்.

எரிதலே ஒலியை விஞ்சுகிற நிகழ்வும் உண்டு. அதற்குப் பெயர் ‘டெட்டனேசன்’, அதாவது வெடிப்பலை. ஹைட்ரஜனும் காற்றும் சரியான விகிதத்தில் கலந்திருந்தால் அந்த அலை நொடிக்கு 2,000 மீட்டர் அளவில் பாயும். இதை வளையமான அறைக்குள் சுழலவிட்டு உந்துவிசை எடுக்கும் எஞ்சின்களும் இன்று சோதனையில் இருக்கின்றன. ஆக, “எரிபொருள் ஒலியை விட வேகமாக எரியும் எஞ்சின்” என்று எழுதுகிறவர் ஸ்க்ராம்ஜெட்டை விளக்கவில்லை. வேறொரு எஞ்சினை விளக்கிவிட்டு ஸ்க்ராம்ஜெட் என்று பெயர் வைக்கிறார்.

அடுத்தது ‘மீயொலி’. நம் பள்ளிப் பாடநூல்களில் மீயொலி என்றால் 20,000 ஹெர்ட்ஸுக்கு மேற்பட்ட, காதுக்குக் கேட்காத ஒலி. வௌவால் எழுப்புவது மீயொலி. ஸ்கேன் சென்டரில் வயிற்றின் மேல் வைத்துப் பார்ப்பதும் மீயொலிதான். இது அதிர்வெண் பற்றிய சொல். ‘சூப்பர்சானிக்’ என்பதோ வேகம் பற்றியது. வௌவாலின் மீயொலியும் சாதாரண ஒலியின் வேகத்தில்தான் போகிறது. ஒலியை விஞ்சிப் பறக்கிற விமானம் எழுப்பும் அதிர்ச்சி முழக்கமோ ஊர் முழுக்கக் காதில் விழும். இரண்டுக்கும் ஒரே சொல்லைக் கொடுத்தால், பத்தாம் வகுப்பில் மீயொலியைச் சரியாகப் படித்த பிள்ளைதான் முதலில் குழம்பும். படித்த பிள்ளையைக் குழப்புகிற கலைச்சொல்லை எதற்கு வைத்திருக்க வேண்டும்?

“ஆங்கிலத்திலும் இரண்டும் ஒட்டிய சொற்கள்தானே” என்று சிலர் வாதாடுவார்கள். உண்மைதான், 1940கள் வரை ஆங்கிலத்திலும் கேளா ஒலியை ‘சூப்பர்சானிக்’ என்றே எழுதி வந்தார்கள். விமானங்கள் ஒலி வேகத்தை நெருங்கியபோது இது சரிப்படாது என்று உணர்ந்து, அதிர்வெண்ணுக்கு ‘அல்ட்ரா’, வேகத்துக்கு ‘சூப்பர்’ என்று பிரித்துக்கொண்டார்கள். அவர்கள் களைந்த குழப்பத்தை நாம் போய் எடுத்து வைத்திருக்கிறோம்.

‘மீயொலி வேகம்’ என்று வேகத்தைச் சேர்த்துச் சொன்னால் போதாதா என்றால், அதுவும் போதாது. ‘மீயொலியின் வேகம்’ என்றே அது விரியும். இதன் மேல் ‘ஹைப்பர்சானிக்’ வந்ததும் ‘அதிமீயொலி’, ‘மிகைமீயொலி’, ‘மிகையொலி’ என்று ஆளுக்கொரு முன்னொட்டை அடுக்குகிறார்கள். எது எதைவிட மிகை என்று எழுதினவருக்கே தெரியாது. பொறியாளர்கள் எண்ணால்தான் பேசுகிறார்கள்: மாக் 5-க்கு மேல். தமிழிலும் ‘மாக் 5-க்கு மேற்பட்ட வேகம்’ என்று எழுதுங்கள். முன்னொட்டை விட எண் தெளிவு.

சூப்பர்சானிக்குக்கு ‘ஒலிவிஞ்சு’ என்பதே என் தேர்வு. ஒலியை விஞ்சிய, அவ்வளவுதான். ஒலிவிஞ்சு வேகம், ஒலிவிஞ்சு விமானம், ஒலிவிஞ்சு ஓட்டம். எந்தச் சொல்லோடும் சண்டையில்லாமல் சேரும், வௌவாலோடு மோதாது.

‘ராம்’ என்பதற்கு வருவோம். ஆங்கிலத்தில் அது முட்டுகிற கிடா. அதிலிருந்து முட்டித் திணித்தல் என்னும் வினை. திருக்குறளில் முட்டுவதற்காகப் பின்வாங்கும் கிடா ‘பொருதகர்’. ஆனால் ‘தகர்’ என்றால் இன்று உடைத்தல்தான் நினைவுக்கு வரும். நமக்குக் கைவசம் இருக்கும் சொல் முட்டு. கிடாமுட்டு என்றால் மதுரைப் பக்கத்தில் சிறுபிள்ளைக்கும் தெரியும். தன் வேகத்தாலேயே காற்றை முட்டி அழுத்தும் எஞ்சினுக்கு இதைவிடப் பொருத்தமான வேர்ச்சொல் கிடையாது. ‘திணிப்பு’ என்பாரும் உண்டு. திணிப்பு வெளியிலிருந்து ஒருவர் செய்வது. பம்பு வைத்துத் திணிக்கலாம். இங்கே பம்பு இல்லை என்பதுதான் முழு விஷயமும்.

‘ஜெட்’ என்றால் தாரை என்பது வழக்கம். தாரை வடசொல் என்பதற்காக அதை ஒதுக்கவில்லை. அந்த வழக்கில் நான் இறங்குவதில்லை. பொருள்தான் இடிக்கிறது. கண்ணீர் தாரையாய் வழியும்; திருக்கல்யாணத்தில் கையில் நீர் வார்ப்பது தாரை. தானாக விழும் ஒழுக்கு அது. அழுத்தம் கொடுத்துக் குறுகிய வாய் வழியே வேகமாக விடுவதற்குத் தமிழில் பீச்சுதல் என்று தனிச்சொல் இருக்கிறது. சித்திரைத் திருவிழாவில் அழகர் ஆற்றில் இறங்கும் நாளில், ஆட்டுத்தோல் பையில் நீரை நிரப்பி, தோளில் தொங்கவிட்டு, அக்குளில் இறுக்கி அழுத்தி, சிறு குழாய்முனை வழியே பீய்ச்சி அடிப்பார்கள். அடைபட்ட இடத்தில் அழுத்தம், குறுகிய வாய், அதில் பிறக்கும் வேகம்: ஜெட்டின் மூன்று உறுப்பும் அதில் உண்டு. பீச்சு என்றதும் முகம் சுளிக்கிறவர்கள் பால் பீச்சுவதை நினைத்துக்கொள்ளட்டும்.

ஆக, ராம்ஜெட் முட்டுப்பீச்சு எஞ்சின். ஸ்க்ராம்ஜெட் ஒலிவிஞ்சு ஓட்ட முட்டுப்பீச்சு எஞ்சின். சுருக்கி ‘விஞ்சோட்ட முட்டுப்பீச்சு’. எஞ்சினை எஞ்சினாகவே விட்டிருக்கிறேன். பட்டறையில் நிற்கும் மெக்கானிக்கும் கல்லூரி ஆசிரியரும் சொல்வது அதைத்தான்.

செய்தி எழுதுகிறவர்கள் நெருக்கடியில் இருக்கிறார்கள், புரிகிறது. அவர்களுக்கு: தமிழாக்கம் தெரியவில்லை என்றால் ‘ஸ்க்ராம்ஜெட்’ என்றே எழுதி, பக்கத்தில் ஒரு வரி விளக்கம் கொடுங்கள். தவறான தமிழ்ச்சொல்லை விடத் தமிழெழுத்தில் நிற்கும் பிறமொழிச்சொல் மேல். 2016 ஆகஸ்ட் 28 அன்று ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து இஸ்ரோ நடத்திய சோதனையை இப்படி எழுதியிருக்கலாம்: “3,277 கிலோ எடையுள்ள ராக்கெட்டில் பொருத்திய இரண்டு ஸ்க்ராம்ஜெட் எஞ்சின்கள், மாக் 6 வேகத்தில், 20 கிலோமீட்டர் உயரத்தில், வெளிக்காற்றிலிருந்தே ஆக்சிஜனை எடுத்து 5 நொடி எரிந்தன.” மீயொலி எங்கும் தேவைப்படவில்லை.

இதே கையோடு இன்னும் சில சொற்களையும் சொல்ல வேண்டும். ‘கம்பஸ்சன் சேம்பர்’ என்பதைத் ‘தகன அறை’ என்கிறார்கள். மதுரைக்காரர் காதில் தகனம் என்றால் தத்தனேரிச் சுடுகாடுதான். எரியறை என்று எழுதக் கை ஏன் வரவில்லை? ‘இன்ஜெக்டர்’ என்பதை ‘எரிபொருள் ஊசி’ என்று ஒரு மொழிபெயர்ப்பு மென்பொருள் கொடுக்க, அப்படியே அச்சிலும் ஏறுகிறது. டீசல் பட்டறையில் அதற்கு நாசில் என்று பெயர். எழுத்துத் தமிழ் வேண்டுமென்றால் தெளிப்பு முனை.

எல்லாவற்றையும் விடக் கெட்டது, ‘அன்ஸ்டார்ட்’ என்பதற்குத் ‘தொடங்காமை’ என்று போடுவது. எரியறையில் அளவுக்கு மேல் வெப்பம் ஏறினால் உள்ளழுத்தம் கூடி, அதிர்வலை வரிசை முன்னோக்கி நகர்ந்து, உள்வாயைத் தாண்டி வெளியே தள்ளப்படும். உள்ளே போக வேண்டிய காற்று வாயில் முட்டி வெளியே சிதறும். உந்துவிசை அற்றுப் போகும். 2011 ஜூன் 13 அன்று அமெரிக்காவின் எக்ஸ்-51ஏ என்ற ஸ்க்ராம்ஜெட் சோதனை வண்டிக்கு நடந்தது இதுதான். எத்திலீனில் பற்றவைத்த எஞ்சினை ஜேபி-7 எரிபொருளுக்கு மாற்றும் கட்டத்தில் உள்வாய் ஓட்டம் முறிந்து, பறப்பு பாதியில் முடிந்தது. அதே வகை வண்டி 2013 மே 1-ல் மாக் 5.1 தொட்டு, எஞ்சின் மூன்றரை நிமிடம் எரிந்தது. 2011-ல் எஞ்சின் *தொடங்கிவிட்டது*. எரிந்துகொண்டும் இருந்தது. முறிந்தது காற்றின் ஓட்டம். இதைத் ‘தொடங்காமை’ என்று எழுதினால், பற்றவைக்கும் கருவி கெட்டுப்போனது என்று வாசகர் நினைப்பார். ‘உள்வாய் ஓட்டமுறிவு’ என்று எழுதுங்கள். எங்கே, எது, என்ன ஆயிற்று என்ற மூன்றும் அதில் இருக்கிறது.