நில மாற்றம் இல்லீங்க, வகைப்பாடு திருத்தம்

இந்த "நில மாற்றம்"ங்கிற வார்த்தையைக் கேட்டுக் கேட்டு காது புளிச்சுப் போச்சு. தெரிஞ்சவர் ஒருத்தருக்கு மூணு தலைமுறையா கடலை போடுற காடு, பழைய செட்டில்மென்ட் பதிவேட்டுல (நிலத்துக்கு வரி நிர்ணயிச்சப்ப எழுதினது) புஞ்சைன்னு இருக்கு, ஆனா யூடிஆர்ல (நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்கிறோம்னு 1979ல ஆரம்பிச்சு 1987ல முடிச்சாங்களே, அந்தத் திட்டம்) யாரோ கை தவறி தரிசுன்னு எழுதி வச்சுட்டாங்க. அதை சரி பண்ண மனு குடுத்தார், பொருள்ல "நில மாற்றம் கோருதல்"னு போட்டு. வாங்கினவர் தலைப்பை மட்டும் பாத்துட்டு, மனை போடுறதுக்கா, அப்ப நகர் ஊரமைப்பு ஆபீசுக்குப் போங்கன்னு அனுப்பிட்டார்.

வகைப்பாடுன்னா வகை பிரிச்சு வச்சிருக்கிறது. கோட்பாடு, வேறுபாடு மாதிரி நம்ம சொல்தான். நஞ்சை, புஞ்சை (நன்செய், புன்செய், செய்னா வயல்), தரிசு, புறம்போக்கு, நத்தம் இதெல்லாம் வகைப்பாடு. ஒவ்வொரு சர்வே நம்பருக்கும் இது என்னன்னு 'அ' பதிவேட்டுல இருக்கும். அங்க என்ன பயிர் நிக்குதுன்னு வருஷா வருஷம், அதாவது பசலிக்குப் பசலி, விஏஓ எழுதுறது அடங்கல். அடங்கல் புதுசாகிட்டே வரும், 'அ' பதிவேடு யாரும் கைவைக்காம அப்படியே கிடக்கும். அடங்கல்ல கடலை, 'அ' பதிவேட்டுல தரிசு. சிக்கலே இதான்.

இப்ப "மாற்றம்"ங்கிற சொல்லுக்கு வரேன். விவசாய நிலத்தை மனை ஆக்குறீங்க, அது மாற்றம், அதுக்கு 1971 நகர் ஊரமைப்புச் சட்டம் இருக்கு, அனுமதி வாங்கணும், கட்டணம் கட்டணும். போதாததுக்கு வருவாய்த்துறைக்காரங்க நில மாற்றம்னா ஒரு துறை கையில இருக்கிற அரசு நிலத்தை இன்னொரு துறைக்குத் தர்றதையும் சொல்லுவாங்க. நம்மாளு கேக்கறது ரெண்டும் இல்லை, நிலம் எங்கயும் மாறலை, தாத்தா காலத்துல இருந்து அது கடலைக் காடுதான், தப்பு பேப்பர்ல இருக்கு. அப்ப திருத்தம்னுதானே சொல்லணும்? மாற்றம்னா இவர் ஏதோ புதுசா சலுகை கேக்கற மாதிரி ஆயிடுது, திருத்தம்னா தப்பு உங்க பக்கம்னு அர்த்தம், ஒருவேளை அதனாலதான் ஆபீஸ்ல யாருக்கும் இந்தச் சொல் பிடிக்கலையோ என்னவோ.

மொழிபெயர்ப்பாளர்கள் இன்னொன்னு வச்சிருக்காங்க, "நில மறுவகைப்படுத்தல்"னு. மொதல்ல ஒரு தடவை ஒழுங்கா வகைப்படுத்தியிருந்தாத்தானே மறு? வாயில நுழையாத சொல்லை செஞ்சு வச்சா சுத்தத் தமிழ்னு நினைப்பு. ஜமாபந்தியை (வருஷா வருஷம் ஊர்க் கணக்கைச் சரி பாக்கறது) வருவாய் தீர்வாயம்னு ஆக்கினாங்க, இன்னிக்கும் ஊர்ல ஜமாபந்தி எப்பன்னுதான் கேக்கறாங்க. பட்டா, சிட்டால எது தமிழ் எது வடக்குன்னு எனக்குக் கவலையே இல்லை, சொன்னா என்னன்னு புரியணும், அவ்ளோதான்.

அதுக்காக "நிலத் திருத்தம்"னும் எழுதிடாதீங்க, நிலம் திருத்தறதுன்னா முள்ளு வெட்டி மேடு பள்ளம் நிரவறது. வகைப்பாடு திருத்தம், இல்லேன்னா பதிவுத் திருத்தம்.

அவருக்கு மனுவை "தரிசு எனத் தவறாகப் பதிவானதை புஞ்சை என வகைப்பாடு திருத்தம் செய்யக் கோருதல்"னு நானே எழுதிக் குடுத்தேன். டைப் அடிக்கப் போன இடத்துல "புரியலை சார்"னு அதை "நில மாற்றம்"னு அடிச்சுக் குடுத்திருக்காங்க.